தொப்பியைத் திருப்பிப் போட்டால் நெப்போலியன்

வாசகர் கேள்வி – பதில்

தன்னையே நெப்போலியன் என்று நம்பிக்கொள்ளும் ஆளை வைத்துச் சிரிக்க வைப்பது ஊமைப்படக் காலத்திலிருந்து இன்றுவரை யாருக்கும் சலிக்கவில்லை என்று போன இதழில் போகிறபோக்கில் ஒரு வரி எழுதிவிட்டேன். வந்த கடிதங்களில் பாதிக்குமேல் அந்த ஒரு வரியைப் பிடித்துக்கொண்டு வந்தவை. சரி, இந்த முறை முழுக்க அதுவே இருக்கட்டும்.

கேள்வி: பைத்தியம் முற்றினால் ஏன் எப்போதும் நெப்போலியன்? அலெக்சாண்டரும் சீசரும் என்ன பாவம் செய்தார்கள்?

அவர்களுக்குத் தொப்பி இல்லையே! கிண்டல் இல்லை, பாதிக் காரணம் அதுதான். ஊமைப்படத்தில் "நான்தான் அலெக்சாண்டர்" என்று ஒருவன் வாயைத் திறந்து சொல்ல முடியாது, எழுத்து அட்டை போட்டுத்தான் சொல்ல வேண்டும். நெப்போலியனுக்கு அட்டையே வேண்டாம். ஒரு செய்தித்தாளை எடுத்துச் சின்னப் பிள்ளைகள் மடிப்பதுபோலப் படகுத் தொப்பி மடித்துத் தலையில் வையுங்கள். கூர்முனை முன்னும் பின்னுமாக இருந்தால் யாரோ வேலைக்குப் போகிற ஆள். அதையே கால்வட்டம் திருப்பி, முனைகள் இரண்டு காதுக்கும் மேலே வருகிற மாதிரி வைத்தால் பேரரசர் வந்துவிட்டார்! மற்ற அதிகாரிகள் அந்த இருமுனைத் தொப்பியை முன்பின்னாகப் போட்டபோது அவர் மட்டும் குறுக்காகப் போட்டதால் போர்க்களத்தில் தூரத்திலிருந்தே தெரிந்தார். நூறு வருடம் கழித்து அந்த உருவம் சிரிப்பு நடிகர்களுக்கு லட்டு மாதிரி கிடைத்தது. அப்புறம் அந்தக் கை. 1812-ல் ழாக் லூயி தாவீத் வரைந்த ஓவியத்தில் சட்டை இடுக்கில் கை நுழைந்திருக்கும். அந்த நிலை நெப்போலியன் கண்டுபிடித்ததல்ல, 18ஆம் நூற்றாண்டுக் கனவான்கள் பலர் அப்படித்தான் படத்துக்கு நின்றார்கள். இப்போது அது அவருடைய சொத்தாகிவிட்டது.

மீதிப் பாதிக் காரணம்தான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. பழைய பிரெஞ்சு அரசர் பதினாலாம் லூயி ஆக வேண்டுமென்றால் அரண்மனையில் பிறந்திருக்க வேண்டும். நெப்போலியன் கோர்சிகா தீவில் பிறந்த ஒரு சாதாரண வக்கீலின் பையன், 16 வயதில் பீரங்கிப் படையில் லெப்டினன்ட், 35 வயதில், 1804 டிசம்பர் 2-ஆம் தேதி, நோத்ர தாம் தேவாலயத்தில் முடிசூடிக்கொள்கிறார். அரசனாகப் பிறக்கத் தேவையில்லை, ஆகிக்கொள்ளலாம் என்று காட்டியவர். குமாஸ்தா வேலையில் மக்கிப்போகிற ஒருவன் ராத்திரி படுத்துக்கொண்டு மோட்டுவளையைப் பார்த்து யாரை நினைப்பான்?

கேள்வி: இதெல்லாம் சினிமாக்காரர்கள் கட்டிய கதையா, நிஜமாகவே அப்படி நம்பியவர்கள் இருந்தார்களா?

இருந்தார்கள், தேதி போட்டே சொல்லலாம். நெப்போலியன் இறந்தது 1821-ல், செயின்ட் ஹெலினா தீவில். 19 வருடம் கழித்து அவருடைய உடலை பிரான்ஸுக்குக் கொண்டுவந்தார்கள். 1840 டிசம்பர் 15, கடுங்குளிர், பாரிஸ் தெருவெல்லாம் கூட்டம். அந்த ஆண்டு பாரிஸை ஒட்டிய பிசெத்ர் மனநல மருத்துவமனையில் சேர்க்கப்பட்ட நெப்போலியன்கள் 13 அல்லது 14 பேர் என்று அங்கிருந்த மருத்துவர் குறித்திருக்கிறார். எனக்கு அந்த 'அல்லது'தான் பிடித்திருக்கிறது. ஒருவரை எண்ணுவதா வேண்டாமா என்று மருத்துவரே பேனாவைக் கையில் வைத்துக்கொண்டு யோசித்திருப்பார் போல.

ஒரே எண்ணத்தில் மனம் சிக்கிக்கொண்டு மற்ற விஷயங்களில் தெளிவாகவே இருக்கிற நிலைக்கு எஸ்கிரோல் என்ற பிரெஞ்சு மருத்துவர் 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே 'மோனோமேனியா' என்று பெயர் வைத்திருந்தார். இன்று அந்தப் பெயர் புழக்கத்தில் இல்லை. அந்தக் காலத்துச் சக்கரவர்த்திகளில் கணிசமானவர்களுக்கு உண்மையில் இருந்தது மேகநோய் (சிபிலிஸ்). அது மூளைவரை ஏறினால் 'நான் கோடீஸ்வரன், நான் ராஜா' என்ற எண்ணம் வரும். அந்தக் கிருமி மூளையிலேயே இருப்பதை 1913-ல்தான் கண்டார்கள், 1940-களில் பெனிசிலின் பரவலானதும் இந்த வகை ராஜாக்கள் வெகுவாகக் குறைந்துபோனார்கள். ஒரு சாம்ராஜ்யத்தை ஊசி போட்டுக் கலைத்த கதை.

கேள்வி: பத்து நிமிட ஊமைப்படம் எடுக்கிறோம். வசனமே கிடையாது, கருப்பு வெள்ளை. நெப்போலியன் பற்றிப் படித்துப் படித்து, கடைசியில் தானே நெப்போலியன் என்று நம்பிவிடும் ஒரு நூலக உதவியாளரின் கதை. பைத்தியம் 'ஆகிற' அந்த இடத்தை எப்படிக் காட்டுவது? முகம் பார்க்கும் கண்ணாடியில் நெப்போலியன் தெரிவதுபோல் எழுதியிருக்கிறோம். முடிவும் சரியாக வரவில்லை.

கண்ணாடியை முதலில் எடுத்துவிடுங்கள். கண்ணாடியில் வேறு ஆள் தெரிவது சுலபமான வேலை, அதனாலேயே ஆயிரம் பேர் செய்துவிட்டார்கள். அதோடு, அதில் நாம் அவனுடைய மண்டைக்குள் போய்விடுகிறோம். உள்ளே போனபிறகு சிரிப்பு வராது. அவனுக்குப் பக்கத்தில் நின்று பார்த்தால்தான் வரும்.

நான் ஒன்று சொல்கிறேன், வீட்டில் செய்து பாருங்கள். சட்டைப் பொத்தான் ஒன்றைக் கழற்றிவிட்டுக் கையை உள்ளே நுழையுங்கள். உடனே உங்களை அறியாமல் ஒன்று செய்வீர்கள்: யாராவது பார்க்கிறார்களா என்று ஓரக்கண்ணால் பார்ப்பீர்கள். நான் செய்து பார்த்தேன், பூட்டிய அறைக்குள் தனியாக நின்றுகொண்டு கதவைத் திரும்பிப் பார்த்தேன்! உங்கள் கதை முழுக்க அந்த ஓரப் பார்வையில்தான் இருக்கிறது. முதல் தடவை உங்கள் ஆள் புத்தக அலமாரிக்குப் பின்னால் நின்று கையை நுழைக்கட்டும், ஓரக்கண்ணால் பார்க்கட்டும், யாரோ வருகிற மாதிரி இருந்ததும் சட்டென்று கையை எடுத்து மார்பைச் சொறிவதுபோலப் பாவனை செய்யட்டும். இரண்டாம் தடவை ஆள் வந்துவிட்டார், இவனும் பார்த்துவிட்டான், ஆனால் கையை எடுக்கவில்லை. மூன்றாம் தடவை அவன் திரும்பிப் பார்க்கவே இல்லை. அவ்வளவுதான், ஆகிவிட்டது. மோகத்துக்கும் பிரமைக்கும் நடுவில் இருப்பது அந்த ஒரு பார்வை. அதை எடுத்துவிட்டால் பார்க்கிறவனுக்கே முதுகில் லேசாகச் சில்லிடும், சிரித்துக்கொண்டேயும் இருப்பான்.

எழுத்து அட்டைகளைக் குறையுங்கள். நீங்கள் அனுப்பிய குறிப்பில் 22 இருக்கின்றன, அது ஊமைப்படம் இல்லை, துண்டுப் பிரசுரம். ஐந்தாறு போதும். அதிலும் நடப்பதை விளக்கி எழுதாதீர்கள், படம் ஒன்று சொல்ல அட்டை வேறொன்று சொல்ல வேண்டும். அட்டையில் "படைகள் ஆல்ப்ஸைக் கடக்கட்டும்!" என்று வரட்டும். அடுத்த காட்சியில் அவன் நூலகத்து மர ஏணியில் ஏறி, மேல்தட்டில் தூசியில் முழங்கை பட, தும்மிக்கொண்டிருக்கட்டும். அவன் காணும் போர்க்களத்தை ஒரு நொடிகூடக் காட்டாதீர்கள், காசும் மிச்சம்.

சுற்றியிருப்பவர்களை மறந்துவிட்டீர்கள் என்பதுதான் என் பெரிய குறை. உங்கள் கதையில் எல்லோரும் அவனைப் பார்த்துச் சிரிக்கிறார்கள், அது ஒரு நிமிடத்துக்கு மேல் தாங்காது. ஒருவர் விளையாட்டுக்குச் சல்யூட் வைக்கட்டும். இன்னொருவர் வம்பு வேண்டாமென்று வைக்கட்டும். மூன்றாவது ஆள், முதல் இருவரும் வைப்பதைப் பார்த்து, இவர் யாரோ பெரிய மனிதர் என்று பயந்து நிஜமாகவே வைக்கட்டும். அங்கேதான் படம் உயரும். நாய் வேஷம் போட்டால் குரைத்துத்தான் ஆக வேண்டும் என்பார்கள், இங்கே வேஷம் போட்டவன் சும்மா நிற்கிறான், ஊர் குரைக்கிறது.

இனி முடிவு. தலையில் பூந்தொட்டி விழுந்து தெளிந்துவிடுகிறது என்று எழுதியிருக்கிறீர்கள், வேண்டவே வேண்டாம். அடிபட்டுப் பைத்தியம் பிடிப்பதும் அடிபட்டே தெளிவதும் அந்தக் காலத்துச் சோம்பேறி வழி. 1959-ல் அமெரிக்காவில், மிச்சிகன் மாநிலத்து இப்சிலாண்டி மருத்துவமனையில், ஒவ்வொருவரும் தன்னையே ஏசுநாதர் என்று நம்பிய மூன்று நோயாளிகளை உளவியலாளர் மில்டன் ரோக்கீச் ஒரே இடத்தில் வைத்துப் பார்த்தார். ஒருவரை ஒருவர் பார்த்தால் பிரமை உடையும் என்ற எதிர்பார்ப்பு. இரண்டு வருடம் ஆகியும் மூவரும் விட்டுக்கொடுக்கவில்லை. மற்ற இருவரும் ஏன் பொய் என்பதற்கு ஒவ்வொருவரும் ஒரு விளக்கம் வைத்திருந்தார்கள், 'அவர்கள் செத்துவிட்டார்கள், உள்ளே இயந்திரம்தான் பேசுகிறது' என்றார் ஒருவர். நோயாளிகளிடம் அப்படி விளையாட நமக்கு உரிமை கிடையாது, ரோக்கீச்சே பிற்பாடு அதற்காக வருந்தினார். ஆனால் கதைக்கு ஒரு விதை அதில் கிடைக்கிறது. கடைசிக் காட்சியில் உங்கள் நெப்போலியன் தெருவில் நடந்து வர, எதிரே இன்னொரு நெப்போலியன் வரட்டும். இருவரும் நிற்கட்டும். மேலும் கீழும் பார்க்கட்டும். உங்கள் ஆள் முகத்தில் முதலில் திகைப்பு, அப்புறம் மெல்ல ஒரு இரக்கம், 'ஐயோ பாவம், புத்தி பிசகிவிட்டது' என்கிற இரக்கம். எதிரில் இருப்பவன் முகத்திலும் அதே. இருவரும் மரியாதையாகத் தொப்பியைத் தொட்டுவிட்டு விலகிப் போகட்டும். அட்டை போடாமல் முடியுங்கள்.

கேள்வி: நெப்போலியன் குள்ளம்தானே? படங்களில் குட்டையான நடிகர்களே வருகிறார்கள்.

இல்லை. பழைய பிரெஞ்சு அளவில் அவர் உயரம் 5 அடி 2 அங்குலம். பிரெஞ்சு அங்குலம் ஆங்கில அங்குலத்தைவிடப் பெரிது, கணக்குப் போட்டால் சுமார் 168 செ.மீ., அந்தக் காலத்துக்குச் சராசரி உயரம்தான். ஜேம்ஸ் கில்ரே போன்ற ஆங்கிலக் கேலிச்சித்திரக்காரர்கள் அவரைச் சுண்டெலி அளவுக்குக் குட்டியாக வரைந்து தள்ளினார்கள், அது ஒட்டிக்கொண்டது. தன்னை நெப்போலியன் என்று நினைத்த 14 பேருக்கு மட்டும்தான் பிரமை என்று இல்லை.

கேள்வி: என் தம்பிக்கு வயது 24. எந்நேரமும் நெப்போலியன் புத்தகம், நெப்போலியன் படம், அறை முழுக்கப் போர் வரைபடங்கள். பேச்சில்கூட "பேரரசர் இப்படிச் செய்ய மாட்டார்" என்கிறான். பயமாக இருக்கிறது.

பயப்படுவதற்கு முன்னால் ஒரு சின்னச் சோதனை. அவனைக் கேலி செய்து பாருங்கள். நெப்போலியன் கடைசியாகத் தோற்ற போரைச் சொல்லி, "என்ன பேரரசே, வாட்டர்லூ எப்போ?" என்று கேட்டால் சிரிக்கிறானா? சிரித்தால் கிறுக்குதான், நோய் இல்லை. மேலே சொன்ன அந்த ஓரப் பார்வை அவனிடம் இன்னும் இருக்கிறது என்று அர்த்தம். "பேரரசர் செய்ய மாட்டார்" என்கிறான், "நான் செய்ய மாட்டேன்" என்று சொல்லவில்லை, அதையும் கவனியுங்கள்.

புத்தகங்களை எண்ணுவதைவிட வேறு சிலவற்றைப் பாருங்கள். நாலைந்து நாளாகத் தூங்காமலே களைப்பில்லாமல் இருக்கிறானா, மனம் போனபடி பணத்தைச் செலவழிக்கிறானா, தனக்கு ஏதோ பெரிய பணி விதிக்கப்பட்டிருப்பதாகவோ யாரோ சதி செய்வதாகவோ சொல்கிறானா, குரல்கள் கேட்கின்றனவா? இதில் ஒன்று இருந்தாலும் மனநல மருத்துவரிடம் கூட்டிப்போங்கள், தள்ளிப்போடாதீர்கள். பெருமைப் பிரமை பித்து ஏறும் மனநிலைக் கோளாறிலும் வரும், மனச்சிதைவிலும் வரும், இரண்டுக்கும் மருந்து உண்டு. அதுவரை அவனோடு வாதாடி ஜெயிக்கப் பார்க்காதீர்கள். ஆதாரம் காட்டினால் உடையாது என்பதுதான் பிரமைக்கு இலக்கணமே. அதற்காக ஆமாம் சாமி போட்டுச் சல்யூட்டும் வைக்காதீர்கள். "நீ சரியாகத் தூங்கவில்லை, எனக்குக் கவலையாக இருக்கிறது" என்று தொடங்குங்கள், அதை யாரும் மறுக்க முடியாது.

கேள்வி: இந்த வகையில் பார்க்கத் தகுந்த பழைய ஊமைப்படங்கள் சொல்லுங்கள்.

வரலாற்று மனிதர் என்று கறாராகக் கேட்டால் 1917-ல் டக்ளஸ் ஃபேர்பேங்க்ஸ் நடித்த 'எ மாடர்ன் மஸ்கடீர்'. கர்ப்பமாக இருக்கும்போது அம்மா 'மூன்று மஸ்கடீர்கள்' நாவலைப் படிக்கிறாள், கான்சாஸில் சூறாவளி அடிக்கும் வேளையில் பிள்ளை பிறக்கிறது, வளர்ந்து, தன்னை அந்த நாவலின் வாள்வீர நாயகன் தார்த்தஞ்ஞனாகவே பாவித்துக்கொண்டு கூரைமேல் தாவுகிறது. தார்த்தஞ்ஞன் கதாபாத்திரம் மட்டுமல்ல, 1673-ல் மாஸ்ட்ரிக்ட் முற்றுகையில் செத்த நிஜமான படைத்தலைவர். இந்தப் படத்தின் பிற்பாதி ரொம்பக் காலம் காணாமல் போயிருந்தது, டென்மார்க்கில்தான் கிடைத்தது. ஊமைப்படம் தேடுகிறவர்களுக்கு இது பழகிய கதை, அமெரிக்காவில் எடுத்த முழுநீள ஊமைப்படங்களில் சுமார் 70 சதவீதம் அடியோடு அழிந்தேவிட்டன.

1924-ல் வந்த பஸ்டர் கீட்டனின் 'ஷெர்லாக் ஜூனியர்' நாயகன் வரலாற்று மனிதர் மீது பித்துக்கொண்டவனில்லை, துப்பறிவாளனாகத் துடிக்கும் தியேட்டர் ஆபரேட்டர். ஆனாலும் அதைத் தவறவிடக் கூடாது. புரொஜெக்டருக்குப் பக்கத்திலேயே தூங்கிப்போகிறான், அவனுக்குள்ளிருந்து இன்னொரு அவன் கண்ணாடி மாதிரி எழுந்து, தொப்பியை எடுத்துக்கொண்டு, இறங்கிப் போய்த் திரைக்குள்ளேயே ஏறிவிடுகிறான். உள்ளே காட்சி மாறிக்கொண்டே இருக்கிறது, இவன் மட்டும் மாறவில்லை. தோட்டத்து பெஞ்சில் உட்காரப் போனால் தெருவில் விழுகிறான், நடந்தால் மலை விளிம்பு, அடுத்து சிங்கங்கள், பாறையிலிருந்து கடலில் குதித்தால் பனிக்குவியலில் தலைகுத்தி நிற்கிறான். ஒவ்வொரு வெட்டிலும் அவன் நிற்கும் இடம் பிசகாமல் இருக்க நில அளவைக் கருவி வைத்து அளந்து எடுத்தார்கள். அதே படத்தில் ரயில் தண்ணீர்த் தொட்டிக் குழாயிலிருந்து தண்ணீர் கொட்டி கீட்டன் தண்டவாளத்தில் விழுந்தார். கழுத்தெலும்பில் முறிவு ஏற்பட்டது என்பது பல வருடம் கழித்து வேறு எதற்கோ பரிசோதித்தபோதுதான் தெரிந்தது!

இந்தக் கதைகளுக்கெல்லாம் தாத்தா 'டான் கிஹோத்தே', வீரக் கதைகளைப் படித்துப் படித்துத் தன்னையே மாவீரன் என்று நம்பிவிடும் ஒருவரைப் பற்றிய பழைய ஸ்பானிய நாவல். 1926-ல் டென்மார்க்கின் நெட்டை-குட்டை ஜோடி, ஷென்ஸ்ட்ரோமும் மாட்சனும், ஸ்பெயினுக்கே போய் அதை நடித்தார்கள். புத்தகத்தின் தொடக்கத்திலேயே ஓர் இடம் உண்டு: அடிபட்டுக் கிடப்பவரிடம் பக்கத்து வீட்டு விவசாயி "ஐயா, நீங்கள் அவர்கள் யாரும் இல்லை, எங்கள் ஊர்க்காரர்" என்று பொறுமையாக எடுத்துச் சொல்வார். அதற்கு இவர், "நான் யாரென்று எனக்குத் தெரியும்" என்பார். படத்தைப் பார்த்துவிட்டு அந்தப் பக்கத்தையும் புரட்டுங்கள்.

கேள்வி: மனநோயை வைத்துச் சிரிப்பது பாவமில்லையா?

சில படங்களில் பாவம்தான். வெள்ளைச் சட்டைக்காரர்கள் வலையோடு துரத்துவதும், அவன் தடுக்கி விழுவதும் மட்டும்தான் சிரிப்பு என்றால் நான் எழுந்து போய்விடுவேன். அவனுக்கு வேலை போய்விடுமே, வீட்டில் என்ன சொல்வார்கள் என்று நடுவில் ஒரு கணம் நமக்குக் கவலை வந்தால் அந்தப் படத்தோடு உட்கார்ந்திருக்கலாம்.

கேள்வி: நெப்போலியனாக நடித்து நடித்து நடிகருக்கே பிடித்துப்போன கதை உண்டா?

ஆபெல் கான்ஸ் 1927-ல் எடுத்த பிரம்மாண்டமான ஊமைப்படத்தில், கடைசியில் மூன்று திரைகள் பக்கத்தில் பக்கத்தில் விரியும் படம் அது, நெப்போலியனாக வந்தவர் ஆல்பெர் தியூதொனே. 1941-ல் ஒரு பேசும் படத்திலும் மறுபடி அதே வேஷம். 1976-ல் இறந்தபோது அந்த உடையிலேயே அடக்கம் செய்யப்பட்டார் என்பார்கள். பிரமை என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை, அவருக்கு அது வேலைச் சட்டை. இன்னொரு பக்கம் சாப்ளின். பல வருடம் நெப்போலியனாக நடிக்க ஆசைப்பட்டுக் கதையெல்லாம் எழுதி வைத்து, எடுக்காமலே விட்டார்.

கேள்வி: ஊமைப்படத்தில் எல்லோரும் ஏன் இப்படி ஓடுகிறார்கள்?

கையால் சுற்றும் கேமரா, நொடிக்கு 16 அல்லது 18 படம், ஆளுக்கு ஆள் மாறும். அதை 24 படம் ஓடும் கருவியில் போட்டால் எல்லோருக்கும் அவசரம் வந்துவிடும். சிரிப்புப் படங்களில் வேண்டுமென்றே மெதுவாகச் சுற்றி எடுத்ததும் உண்டு.

கேள்வி: ஒரு நாள் மட்டும் நெப்போலியன் கதையில் ஒருவராக இருக்கலாம் என்றால் நீங்கள் யார்?

அவருடைய வெள்ளைக் குதிரை மாரெங்கோ என்று சொல்லலாமென்று இருந்தேன். முடிவெடுக்கும் பொறுப்பும் இல்லை, தொப்பியும் போட வேண்டாம். ஆனால் அதன் எலும்புக்கூட்டை லண்டனில் ராணுவ அருங்காட்சியகத்தில் நிறுத்தி வைத்திருக்கிறார்கள், ஒரு குளம்பை எடுத்து மூக்குப்பொடி டப்பா செய்துவிட்டார்கள். வேண்டாம், நான் இங்கேயே கடிதம் பிரிக்கிறேன்.